முன்மொழிந்தவர் பெத்துராஜ்

கேஸ்ல தோத்துட்டு வர்ற ஆளு மூஞ்சி மாதிரியா தம்பி இருக்கு எனக்கு? இல்லேல்ல? அதான். நான் தோக்கல, என் மனு தள்ளுபடி ஆயிருக்கு. ரெண்டுக்கும் வித்தியாசம் இருக்கு. என்ன வித்தியாசம்னு உடனே கேக்காதீங்க, அருப்புக்கோட்டை போறதுக்குள்ள யோசிச்சுச் சொல்றேன்.

இப்படி நகந்து உக்காருங்க, அந்தப் பக்கம் வெயில் அடிக்கும். மதுரை ஹைகோர்ட்ல இருந்து ஊருக்குக் கார்லயே போயிருக்கலாம் நான். கேஸ்ல எதிர்த்தரப்புக்காரன் கூப்பிட்டான். "அண்ணாச்சி, வாங்க, ஏசி போட்டிருக்கு"ன்னான். கேஸ் போட்டவனையே கார்ல கூட்டிட்டுப் போறேங்கிறான், எவ்வளவு கொழுப்பு பாருங்க. எனக்குப் பஸ்தான் பிடிக்கும்னு சொல்லிட்டு வந்துட்டேன். நிஜமா எனக்குப் பஸ்ஸே ஆகாது, குமட்டும். ஜன்னலோரம் எனக்கு விட்டதுக்கு ரொம்ப நன்றி.

நான் பெத்துராஜ். ஊராட்சி கிளார்க்கா இருந்து ரிட்டயர்டு ஆனவன். முப்பத்திரெண்டு வருஷ சர்வீஸ். எத்தனையோ தலைவர் வந்தாக, போனாக. சிலபேருக்குக் கையெழுத்து மட்டும் தெரியும், சிலபேருக்கு அதுவும் தெரியாது. ஆனா தீர்மானம் எழுதுற மினிட் புக்கு மட்டும் என் கையில. ஊர்ல இப்பவும் யாரும் என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டாக. கிளார்க்கய்யாதான்.

கேஸ் என்னன்னா, டவர். செல்போன் டவர். என் வீட்டுக்குப் பக்கத்து எடம் ராமசுப்புவோடது, இப்ப கார்ல கூப்பிட்டான்னேனே, அவன்தான். ஒரு நாள் காலையில பாக்குறேன், என் படுக்கையறைச் சுவத்துல இருந்து பதினஞ்சடி தள்ளிப் பொக்லைன் குழி தோண்டுது. என்னப்பான்னு கேட்டா, டவர் வருது அண்ணாச்சி, பஞ்சாயத்துல அனுமதி குடுத்தாச்சுன்னான். எனக்குத் தெரியாம பஞ்சாயத்துல அனுமதியா! ரிட்டயர்டு ஆயிட்டா செத்துப் போயிட்டோம்னு நினைச்சுக்கிட்டானுங்கபோல.

ஒண்ணு சொல்லிடறேன் தம்பி. எனக்குப் பொறாமை கிடையாது. டவர் கம்பெனிக்காரங்க மொதல்ல என் எடத்தைத்தான் பாக்க வந்தாக. டேப்பு வச்சு அளந்தாக, என் வீட்டுல காப்பி குடிச்சாக. என் பொஞ்சாதி சீனியம்மா அன்னிக்குப் பணியாரம் சுட்டா. எடம் ஒடுக்கமா இருக்குன்னு சொல்லிட்டு வேலியைத் தாண்டி ராமசுப்புகிட்டப் போயிட்டாக. பணியாரம் என் வீட்டுல, ஒப்பந்தம் அவன் வீட்டுல. அதுக்காகவெல்லாம் நான் கேஸ் போடல. பொதுநலம்.

சிரிக்காதீங்க. மனுவுல நாங்க கதிர்வீச்சு எழுதினோம், குழந்தைங்க எழுதினோம், சிட்டுக்குருவி எழுதினோம். எங்க வக்கீல் ஜெபராஜ் கேட்டாரு, உங்க ஊர்ல சிட்டுக்குருவி இருக்கான்னு. இருக்கும்னேன். நான் பாத்து இருவது வருஷம் ஆச்சு. இருந்தாலும் டவர் வர்றதுக்கு முந்தியே டவரால போன குருவின்னு ஒரு கணக்குல சேத்துக்கிட்டோம். ஆனா முக்கியமான பாயிண்டு அதில்ல. கிராம சபைத் தீர்மானம் இல்லாமப் பஞ்சாயத்து குடுத்த அனுமதி செல்லாது, இதான் பாயிண்டு. இதை வக்கீலுக்கே நான்தான் எடுத்துக் குடுத்தேன். அவரு என்னைப் பாத்து, "நீங்களே வாதாடலாம் போலிருக்கே"ன்னாரு. அன்னிக்கு எனக்கு ராத்திரிச் சாப்பாடு இறங்கல, அவ்வளவு சந்தோஷம்.

தடை குடுத்துட்டாக. ஆறு மாசம்! கோர்ட்டு உத்தரவைக் கையில பிடிச்சுக்கிட்டு நான் தெருவுல நடந்தேன் பாருங்க, சாமி புறப்பாடு தோத்துச்சு. குழியைப் பாதியில விட்டுட்டுப் பொக்லைன் போயிருச்சு. மழை பெஞ்சு அந்தக் குழியில தண்ணி நின்னுச்சு. தண்ணியில தவளை வந்துச்சு. அந்தத் தவளைக் கச்சேரியில ஆறு மாசம் நான் சரியாத் தூங்கல. சீனியம்மா சொன்னா, "டவரா இருந்தா சத்தமாவது போடாது. பொறாமைக்கு வக்கீல் வச்ச மொத ஆளு ஒலகத்துலயே நீங்கதாங்க." அவளுக்கு என்ன தெரியும், பொதுநலம்னா என்னன்னு.

இதுல இன்னொரு கூத்து. எங்க ஊர்ல சிக்னல் கிடையாது. போன் பேசணும்னா மேல்நிலைத் தொட்டிப் படியில ஏறணும். பன்னெண்டாவது படியில ரெண்டு கோடு, இருவதாவது படியில மூணு கோடு. சாயங்காலமானா அந்த ஏணியில ஆளுங்க கொத்துக் கொத்தா நிப்பாக. டவரை நிறுத்துங்கன்னு வக்கீல்கிட்டப் பேச நானும் அதே ஏணியிலதான் நின்னேன். எனக்கு மேல் படியில மகன்கிட்டப் பேசுற பொம்பள, கீழ் படியில ஆஸ்பத்திரிக்கு ஆட்டோ கூப்பிடுற ஆளு. நடுவுல நான். "சார், ஸ்டேயை நீட்டிக்கணும் சார்!" அப்படீன்னு கத்துறேன். ஒருத்தரும் ஒண்ணும் சொல்லல. கீழ இறங்கும்போது மட்டும் யாரோ என் செருப்பு மேல சாணியைத் தடவி வச்சிருந்தாக.

சரி, அப்புறம் அவங்க தரப்புப் பதில் மனு வந்துச்சு. ஜெபராஜ் வக்கீல் ஆபீஸ்ல உக்காந்து பாக்குறேன். கூட மினிட் புக்கு நகல் ஒண்ணு. மே ஒண்ணாந்தேதி கிராம சபை, தீர்மானம் எண் ஏழு. "பொதுமக்களின் நீண்டநாளைய கோரிக்கையினை ஏற்றும், கிராமத்தின் தொலைத்தொடர்பு வசதியினைக் கருத்தில் கொண்டும்..." படிக்கப் படிக்க எனக்கு உடம்பு சிலிர்க்குது தம்பி. ஏன்னா அது என் நடை! "நீண்டநாளைய கோரிக்கையினை ஏற்றும்" நான் வேலைக்குச் சேந்த புதுசுல கண்டுபிடிச்ச வரி. இப்ப இருக்கிற செயலர் காளிராஜ் என்கிட்டத் தொழில் படிச்ச பய. அப்படியே எழுதியிருக்கான், ஒரு புள்ளி மாறல. நம்ம வளத்த பய நல்லா எழுதுறானேன்னு ஒரு நிமிஷம் கேஸையே மறந்துட்டேன்னா பாத்துக்கோங்க.

அதுக்கு அடுத்த வரி. "மேற்படி தீர்மானத்தைத் திரு. பெத்துராஜ் முன்மொழிய, திரு. ராமசுப்பு வழிமொழிய, ஏகமனதாக நிறைவேற்றப்பட்டது." கீழ மொதக் கையெழுத்து, சுழிச்சு, அடியில ரெண்டு கோடு இழுத்து. என் கையெழுத்து.

வக்கீல் என்னைப் பாக்குறாரு. நான் ஃபேனைப் பாக்குறேன்.

எப்படின்னு கேக்குறீங்களா? மே ஒண்ணாந்தேதி நான் டீக்கடையில உக்காந்திருக்கேன். காளிராஜ் மினிட் புக்கோட வர்றான். "அண்ணாச்சி, மொதக் கையெழுத்து நீங்க போட்டாத்தான் ராசி. உங்க கையெழுத்தைப் பாத்துட்டுத்தான் மத்தவுக போடுவாக." வெத்துப் பக்கம். மேல ஒண்ணும் எழுதல. நான் பேனாவைத் தெறந்து, போட்டேன். ரெண்டு கோடும் இழுத்தேன்.

நீங்க என்னை முட்டாள்னு நினைக்கலாம். ஆனா அதான் தம்பி முறை! மொதல்ல கையெழுத்து, அப்புறம் தீர்மானம். அந்த முறையைக் கொண்டுவந்ததே நான்தான். ஒரு கூட்டத்துக்கு நூறு பேரு வரணும், கோரம்னு சட்டம். நூறு பேரு எங்க வர்றாக? காட்டு வேலைக்குப் போயிருவாக. அதனால முதநாளே வீடு வீடாப் போய்க் கையெழுத்து வாங்கிட்டு வந்து, ஆற அமர உக்காந்து தீர்மானத்தை எழுதுவேன். மேல எவ்வளவு எடம் விடணும்னு விரலை வச்சு அளக்குற விரக்கடை கணக்கு எனக்கு உண்டு. குடிதண்ணிக்கு நாலு விரக்கடை, ரோட்டுக்கு ஆறு. காளிராஜுக்கு அதையெல்லாம் நான்தான் சொல்லிக் குடுத்தேன். கத்துக்கிட்ட வித்தையை என் மேலயே காட்டிட்டான்.

ஜெபராஜ் வக்கீல் கெட்டிக்காரரு. "இதுவே நமக்கு ஆயுதம் பெத்துராஜ்"ன்னாரு. "வெத்துத்தாள்ல கையெழுத்து வாங்குறது இந்தப் பஞ்சாயத்துல காலங்காலமா நடக்கிற பழக்கம்னு நீங்க பிரமாண வாக்குமூலம் குடுங்க. முப்பத்திரெண்டு வருஷம் கிளார்க்கா இருந்தவரு சொன்னா கோர்ட்டு நம்பும். அனுமதி உடைஞ்சிரும்."

எனக்கு ஜிவ்வுன்னு ஏறிருச்சு. நானே சொல்லச் சொல்ல அவரோட ஜூனியர் பிள்ளை எழுதுச்சு. ஒரு பக்கம் போதும்னாக, நான் விடல, நாலு பக்கம் சொன்னேன். எந்த வருஷம் எந்தத் தீர்மானம், எத்தனை பேருகிட்ட வெத்துத்தாள்ல வாங்கினேன், விரக்கடை கணக்கு உட்படச் சொன்னேன். ஜூனியர் பேனாவைக் கீழ வச்சுட்டு, "ஐயா, இதெல்லாம் பெருமையாவா சொல்றீங்க?"ன்னு கேட்டுச்சு, அந்தப் பிள்ளை. சின்னப் பிள்ளை, நிர்வாகம் தெரியாது. டைப் அடிச்ச வரைவைக் கையில குடுத்து, வீட்டுல வச்சு ஒரு தடவை படிச்சுட்டுத் திங்கக்கிழமை வந்து கையெழுத்துப் போடுங்கன்னாக. திங்கக்கிழமைன்னா இன்னிக்கு.

நேத்து ஞாயித்துக்கிழமை. வரைவை மேசை மேல விரிச்சு வச்சு மூணாவது தடவை ரசிச்சுக்கிட்டு இருக்கேன். வாசல்ல குருவம்மா வந்து நிக்கிது. புதுக்காலனிக்காரி. செங்கச் சூளையில வேலை பாக்குற பொம்பள, என் வயசு இருக்கும். உள்ள வான்னா வராது, வாசப்படியிலதான் உக்காரும்.

"கிளார்க்கய்யா, எங்க கேஸும் மதுரைக்கு வந்திருச்சு"ன்னு சொல்லுச்சு.

அது என்ன கேஸ்னா, புதுக்காலனி இருக்கிற எடம் தங்களோடதுன்னு மேலவீட்டுக்காரங்க போட்ட கேஸ். அந்த வீட்டுப் பெரிய முதலாளி காலத்துல வாய்வார்த்தையாக் குடுத்த எடம்னு காலனிக்காரங்க சொல்றாக. குடுக்கவே இல்லேன்னு வாரிசுங்க சொல்றாக. நாப்பத்தாறு வீடு. தொண்ணூத்தேழுல அந்த எடத்துக்குப் பட்டா குடுக்கலாம்னு கிராம சபையில ஒரு தீர்மானம் போட்டு, அதை வச்சுத்தான் பட்டா வந்துச்சு. எழுதினது யாரு? நான்தான்.

குருவம்மா சொல்லுது, "எங்க வக்கீலு, அந்த மினிட் புக்குதான் எங்களுக்கு உசுருன்னு சொல்றாரு. அந்தக் கூட்டம் நடக்கவே இல்ல, வெத்துத்தாள்ல கைநாட்டு வாங்கி எழுதினதுன்னு அவுக தரப்புல சொல்றாகளாம். ஆனா அதுக்கு அவுககிட்ட ஆதாரம் ஒண்ணுமில்லையாம்."

மேசை மேல நாலு பக்கம் ஆதாரம் ஃபேன் காத்துல படபடன்னு அடிக்குது தம்பி. நான் அது மேல சொம்பைத் தூக்கி வச்சேன்.

அப்புறம் ஒண்ணு கேட்டுச்சு பாருங்க. "கிளார்க்கய்யா, அன்னிக்கு நீங்க வாசிச்சுக் காட்டித்தான கைநாட்டு வாங்குனீக? எனக்குக் கூட்டம் நடந்த ஞாபகமே இல்ல. வயசாச்சுல்ல, புத்தி மழுங்கிப் போச்சு."

கூட்டம் எங்க நடந்துச்சு? அன்னிக்கு அப்படி ஒரு மழை. ஒரு ஈ காக்கா வரல. நான் குடையைப் பிடிச்சுக்கிட்டுக் குடிசை குடிசையாப் போய்க் காலனியில நாப்பத்தாறு கைநாட்டும், கோரத்துக்கு மீதியை ஊருக்குள்ளயும் வாங்கினேன். எதுக்குன்னு யாரும் கேக்கல, நானும் சொல்லல. அவங்களுக்கு நல்லது பண்ணணும்னு போனேன்னு நினைக்காதீங்க. வெள்ளிக்கிழமைக்குள்ள தீர்மானம் வேணும்னு தாலுகாபீஸ்ல சொல்லிட்டாக, அதான் போனேன். ஈரக்கையோட குருவம்மா வச்ச ரேகை தாள்ல கொஞ்சம் கலங்கியிருக்கும், எனக்கு இப்பவும் ஞாபகம் இருக்கு. அந்தப் பொம்பள தன் புத்தியைக் குறை சொல்லுது. என் மேல சந்தேகமே வரல.

"வாசிச்சேன் குருவம்மா. ரெண்டு தடவை வாசிச்சேன். நீதான் மறந்துட்ட"ன்னேன்.

"அதான பாத்தேன்"னு எந்திரிச்சுப் போயிருச்சு.

அது போனப்புறம் சீனியம்மா வந்து அந்த நாலு பக்கத்தையும் எடுத்துப் படிச்சா. படிச்சு முடிச்சுட்டுத் தாளை மடிச்சு வச்சா. பக்கத்துல வந்து உக்காந்தா. நாப்பது வருஷமா என்னைத் திட்டாத நாளு கிடையாது, நேத்துத் திட்டல. எனக்குப் பயமாப் போச்சு தம்பி. நெசமாவே பயந்துட்டேன். நம்ம முட்டாள்தனத்துக்கு நாம சிரிச்சுக்கலாம். நாப்பத்தாறு வீடு தெருவுல நின்னா யாரு சிரிப்பா?

இன்னிக்குக் காலையில வக்கீல்கிட்டக் கையெழுத்துப் போட மாட்டேன்னேன். ஏன்னாரு. சொல்ல முடியாது. அவருகிட்டச் சொன்னாலும் சங்கதி வெளிய வரும்னு பயம். "கிறுக்குப் பிடிச்சிருக்கா?"ன்னாரு. இருக்கலாம்னேன். கேஸைக் கூப்பிட்டாக. ஜெபராஜ் விடல, எங்க கட்சிக்காரரை ஏமாத்திக் கையெழுத்து வாங்கிட்டாகன்னு எந்திரிச்சுப் பேச ஆரம்பிச்சாரு. ஜட்ஜய்யா, "மனுதாரர் வந்திருக்காரா?"ன்னு கேட்டு என்னை முன்னால கூப்பிட்டாரு.

"பெரியவரே, இது உங்க கையெழுத்தா?"

"ஆமாங்கய்யா."

"வெத்துத்தாள்ல போட்டீங்களா?"

ராமசுப்பு பின்னால உக்காந்திருக்கான். காளிராஜ் மூஞ்சி வெளுத்துப் போச்சு, அவன் வேலை என் நாக்குல இருக்கு.

"இல்லீங்கய்யா. எங்க பஞ்சாயத்துல அந்தப் பழக்கமே கிடையாதுங்க. தீர்மானத்தை வாசிச்சுப் பாத்துத்தான் போட்டேன். நான்தான் முன்மொழிஞ்சேன்."

ஜட்ஜய்யா கண்ணாடியைக் கழட்டிட்டாரு. "நீங்களே முன்மொழிஞ்சு, நீங்களே கையெழுத்துப் போட்டு, நீங்களே அதை எதிர்த்துக் கேஸும் போட்டிருக்கீங்க. ஏன்?"

வாயில வந்தது வந்திருச்சு. "பொறாமைங்கய்யா. டவரு என் எடத்துல வரலேன்னு."

கோர்ட்டே சிரிச்சிருச்சு தம்பி. ஜட்ஜய்யா பக்கத்துல நிக்கிற டவாலிகூடச் சிரிக்கிறான். ஜெபராஜ் வக்கீல் கேஸ் கட்டை எடுத்து மூஞ்சியை மறைச்சுக்கிட்டாரு. மனு தள்ளுபடி. நீதிமன்ற நேரத்தை வீணடிச்சதுக்கு எச்சரிக்கை வேற. அந்தப் பொறாமைங்கிறதை நான் சும்மா கோர்ட்டுக்காகச் சொன்னேன், அதை நீங்க நிஜம்னு எடுத்துக்கக் கூடாது.

இந்நேரம் ராமசுப்பு கார்ல இருந்தே ஊருக்குப் பேசியிருப்பான். எவனாவது ஏணியில நின்னு கேட்டு, ஊருபூராச் சொல்லியிருப்பான். தானே முன்மொழிஞ்சு தன் மேலயே கேஸ் போட்ட கிளார்க்கய்யான்னு இனி பொங்கலுக்கு நாடகம் போட்டாலும் போடுவாக. அதுல பெருசாச் சிரிக்கப் போறது யாரு? புதுக்காலனிக்காரங்கதான். ஏணியில அதிகம் ஏறுனது அவுகதானே. சிரிக்கட்டும். ஏன்னு ஒரு வார்த்தை அவுககிட்ட நான் சொல்ல முடியாது, வாயைத் தெறந்தா அவுக வீட்டுக்குத்தான் சேதாரம். ஊர்ல ஒரு மனுசன்கிட்டச் சொல்ல முடியாம நெஞ்சு வெடிச்சிரும்போல இருந்துச்சு. நல்லவேளை, வெளியூர் ஆளு நீங்க பக்கத்துல வந்து உக்காந்தீக. மதுரையில ஆரம்பிச்சு நான்தான் பேசிக்கிட்டு வர்றேன், உங்களை ஒரு வார்த்தை கேக்கல பாருங்க. தம்பி எங்க எறங்கணும்?

ஆவாரங்குளம் விலக்கா? அட, எங்க ஊரு! எங்க ஊர்ல யாரு வீட்டுக்கு?

மேலவீட்டுக்கா.

மேலவீடு பூட்டிக் கிடக்குதே. அவுக எல்லாரும் கோயம்புத்தூர்ல.

பேரனா. பெரிய முதலாளி பேரனா நீங்க.

காலனி கேஸுக்காகக் கோர்ட்டுல இருந்துதான் வர்றீகளா.

தம்பி... நான் கொஞ்சம் தண்ணி குடிச்சுக்கிறேன்.

இந்தா பாருங்க. நான் இப்பச் சொன்னதுல ஒரு திருத்தம் இருக்கு. தொண்ணூத்தேழுல அன்னிக்கு மழை பெய்யல. நல்ல வெயில். வேப்பமரத்தடியில கூட்டம் நடந்துச்சு. நாப்பத்தாறு பேரும் வந்தாக. குருவம்மா மொத வரிசையில உக்காந்திருந்துச்சு. நான் தீர்மானத்தை வாசிச்சேன், ரெண்டு தடவை வாசிச்சேன். உங்க தாத்தா நாற்காலியில உக்காந்து தலையாட்டினாரு. எந்தக் கோர்ட்டுல கூப்பிட்டுக் கேட்டாலும் இதைத்தான் சொல்வேன். இவ்வளவு நேரம் சொன்னது, பஸ்ஸுல பொழுது போகாத கிழவன் விட்ட கதை. நான் எப்பேர்ப்பட்ட பொய்யன்னு இன்னிக்கு ஹைகோர்ட்டே எழுதி வச்சிருக்கு, எடுத்துப் பாருங்க.

ஏன் தம்பி அப்படிப் பாக்குறீக?

விலக்கு வந்திருச்சு, எறங்குங்க. மேலவீட்டுக்கு மெயின் ரோட்டு வழியாவும் போகலாம், புதுக்காலனி வழியாவும் போகலாம். காலனி வழிதான் தூரம். அந்த வழியாவே போவோம் தம்பி, நானும் கூட வர்றேன். குருவம்மா சூளையில இருந்து வந்திருக்கும். யாரு என்னன்னு கேக்காது. வெயில்ல வந்திருக்கீகன்னு தண்ணி கொண்டாந்து குடுக்கும். வாங்கிக் குடிச்சிருங்க.